எறும்பு மொய்க்காத ரத்தம்

செப்டம்பர் 3, புதன்

புது நோட்டு. பழையது நேற்றோடு தீர்ந்தது.

என் தொழிலுக்கு நோட்டு அவசியம். எந்த ஆளுக்கு, உடம்பில் எந்த இடத்தில், எத்தனை மில்லி சாய ரத்தப் பொட்டலம் கட்டினேன் என்று சண்டைக்கு முன்பே படம் போட்டுக் குறித்துவிட வேண்டும். இருபத்திரண்டு வருஷமாக இதைச் செய்கிறேன். மேக்கப்மேன் தணிகாசலம் என்று கேட்டால் சாலிகிராமத்தில் நாலு பேருக்குத் தெரியாது. ரத்தம் தணிகாசலம் என்றால் ஆட்டோக்காரர் வீட்டு வாசலிலேயே இறக்கிவிடுவார்.

குறிப்பதற்குக் காரணம் உண்டு. நோட்டில் இல்லாத இடத்தில் சிவப்பு தெரிந்தால் நான் “வேற ரத்தம்” என்று கத்துவேன். கத்தினால் கேமரா நிற்கும், கத்தி நிற்கும், ஹீரோவும் நிற்பார். டைரக்டர்கூடக் கேள்வி கேட்க முடியாது. இதுவரை பதினோரு முறை கத்தியிருக்கிறேன். அதில் ஒன்பது நிஜக் காயம். இரண்டு வெற்றிலை எச்சில்.

இன்று தொடங்கிய வெப் சீரிஸின் பெயர் ‘யவனக் களம்’. தமிழ் வணிகன் ஒருவனை ரோமாபுரிக்கு அடிமையாகப் பிடித்துப்போய், மண் கொட்டிய களத்தில் சண்டை போட விடுகிறார்கள். பெரிய மனிதர்கள் மேலே உட்கார்ந்து திராட்சை தின்றபடி பார்க்கிறார்கள். கடைசியில் அவன் ராஜாவைப் பார்த்து இரண்டு பக்கத்துக்குத் தமிழ் வசனம் பேசுகிறான். ராஜாவுக்கு எல்லாம் புரிகிறது.

ஹீரோவுக்கு டூப் என் மச்சினன் டில்லிபாபு. என் மனைவி பூங்கோதையின் ஒரே தம்பி.

செப்டம்பர் 9, செவ்வாய்

டைரக்டர் ஆலோசனைக்காக ஒரு சரித்திரப் பேராசிரியரை வரவழைத்திருந்தார். ரிடையர் ஆனவர். சூட்கேஸ் நிறையக் குறிப்புகள்.

“களத்துல எப்பவும் ரெண்டு நடுவர் இருப்பாங்க. கையில நீளமா ஒரு கோல் இருக்கும். காயம் பட்டா கோலைக் குறுக்க நீட்டிச் சண்டையை நிறுத்திடுவாங்க. சண்டைக்காரனுக்குச் சோறு போட்டுப் பழக்கறது செலவு புடிச்ச காரியம். நீங்க நினைக்கிற மாதிரி தினமும் சாகடிக்க மாட்டாங்க” என்றார்.

நடுவருக்கு வெள்ளை அங்கியும் கோலும் தயாராயின. ஒரு ஷாட் எடுத்துப் பார்த்தார்கள். நடுவர் ஹீரோவை மறைத்தார். டைரக்டர் நடுவரைத் தூக்கிவிட்டார். மாலையில் பேராசிரியரையும் தூக்கிவிட்டார்.

கோல் சும்மா கிடந்தது. பூங்கோதை கொடிக்கயிறு தொய்கிறது, முட்டுக் கொடுக்க ஒரு கம்பு வேண்டும் என்று ரொம்ப நாளாகக் கேட்டுக்கொண்டிருந்தாள். கேட்டு எடுத்து வந்தேன். அளவு சரியாக இருக்கிறது.

செப்டம்பர் 17, புதன்

சண்டைத் துணிகளைத் துவைக்கும் வேலை பூங்கோதைக்கு. பக்கெட்டில் ஊறப் போட்டால் கால் மணியில் எறும்பு வந்துவிடும். என் ரத்தத்தில் பாதிக்கு மேல் குளுக்கோஸ். மீதி சிவப்புச் சாயம், சோளமாவு, கொஞ்சம் காபி டிகாக்‌ஷன்.

இன்று ஒரு துணியைத் தனியாக எடுத்து வைத்தாள்.

“இதுல எறும்பு வரலீங்க. யாருக்கோ நெசமாவே அடிபட்டிருக்கு.”

விசாரித்தேன். பின்வரிசையில் நின்ற ஒரு பையனுக்கு மூக்கில் ரத்தம் வந்திருக்கிறது. சொல்லாமல் துடைத்துக்கொண்டானாம். என் கண்ணுக்குத் தப்பியது அவள் பக்கெட்டுக்குத் தப்பவில்லை.

செப்டம்பர் 24, புதன்

இன்று செட்டுக்கு விருந்தாளிகள். பெரிய தொழிலதிபர்கள், அவர்கள் மனைவிமார், ஒரு நாய். தயாரிப்பாளருக்கு வேண்டியவர்கள். டில்லி நாலு பேரிடம் அடிவாங்கி விழுந்ததைப் பார்த்து எழுந்து நின்று கைதட்டினார்கள். நாய் மட்டும் குரைத்தது.

அவர்களோடு நிகில் என்று ஒரு தம்பி வந்திருந்தார். கல்யாணம், பிறந்தநாள் போன்றவற்றைப் பிரமாதமாக நடத்தித் தருகிற கம்பெனி வைத்திருக்கிறார். கிழக்குக் கடற்கரைச் சாலையில் ஒரு பண்ணை வீட்டில் ஞாயிறு சாயங்காலம் நாலு மணிக்கு இதே மாதிரி சண்டையை நேரில் நடத்தலாம் என்கிறார். அறுபது பேர்தான் பார்ப்பார்களாம். எல்லோருக்கும் திராட்சை உண்டு.

அக்டோபர் 1, புதன்

ஆயுத பூஜை. ஃபைபர் வாள்களுக்குச் சந்தனம் வைத்தோம். ஒன்று லேசாக வளைந்தது.

டில்லி பண்ணை வீட்டு வேலைக்கு ஒத்துக்கொண்டுவிட்டான். பூங்கோதைக்குப் பிடிக்கவில்லை.

“முப்பத்தாறு படத்துல செத்திருக்கேன்க்கா. ஒண்ணுலயாவது என் மூஞ்சி வந்திருக்கா? எல்லாத்துலயும் முதுகுதான். அங்க என் பேரைச் சொல்லி மைக்ல கூப்பிடப் போறாங்க” என்றான்.

அவள் என்னிடம் திரும்பினாள். “நீங்க கூட இருப்பீங்கல்ல?”

இருப்பேன் என்றேன்.

“அப்ப சரி” என்று சுண்டல் தாளிக்கப் போய்விட்டாள்.

அக்டோபர் 6, திங்கள்

நேற்று முதல் ஆட்டம். டில்லியும் கஜேந்திரனும் மோதினார்கள். கஜேந்திரன் நல்ல பையன், வளசரவாக்கம். இரண்டு பேரும் உயிரைக் கொடுத்துச் செய்தார்கள். விருந்தாளிகளுக்கு ருசிக்கவில்லை.

“அண்ணா, சவுண்டே வரலைன்னு ஃபீல் பண்றாங்க. சீரிஸ் டீசர்ல வாள் பட்டா டங்குன்னு கேக்குதே” என்றார் நிகில் தம்பி.

அது டப்பிங்கில் சேர்ப்பது, இரும்புப் பட்டறையில் போய்ப் பதிவு செய்வார்கள் என்று விளக்கினேன். அடுத்த வாரம் இரும்பு வாள் வரும் என்றார்.

அக்டோபர் 13, திங்கள்

இரும்பு வாள் வந்தது. முனை மழுக்கியது. சத்தம் நன்றாகத்தான் இருந்தது.

கஜேந்திரனுக்கு விரல் கிழிந்தது. நோட்டில் விரல் இல்லை. “வேற ரத்தம்” என்று கத்தினேன். இரண்டு பேரும் அப்படியே நின்றார்கள். விரலுக்குக் கட்டுப் போட்டோம். ஆறு நிமிஷம் ஆயிற்று. ஒரு பெரியவர் கார் சாவியை எடுத்துக்கொண்டு எழுந்துவிட்டார்.

நிகில் தம்பி என்னைத் தோளில் கை போட்டு அழைத்துப் போனார். கோபிக்கவில்லை. எனக்கு ஜூஸ் கொடுத்தார்.

“அண்ணா, நீங்க கத்தினதும் மூடே போயிடுச்சு. சீரிஸ்ல யாரும் நடுவுல கத்தறதில்லையே. ஏதாவதுன்னா கர்ச்சீஃபை ஆட்டுங்க. நான் பார்த்துட்டே இருப்பேன். நான் நிறுத்தறேன்.”

நியாயமாகத்தான் பட்டது.

அக்டோபர் 17, வெள்ளி

இரண்டு புகார்கள்.

ஒன்று விருந்தாளிகளுடையது. பகல் வெளிச்சத்தில், பத்தடி தூரத்தில் பார்க்கும்போது என் ரத்தம் ஜாம் மாதிரி இருக்கிறதாம். இருபத்திரண்டு வருஷத்தில் யாரும் என்னிடம் இப்படிச் சொன்னதில்லை. மதியம் சாப்பிடவில்லை.

இன்னொன்று டில்லியுடையது. “மாமா, உள்ள காத்துட்டிருக்கற நேரத்துல எறும்பு கடிச்சே சாவடிக்குது.”

அக்டோபர் 20, திங்கள்

தீபாவளி. மாடியில் ரத்தம் காய்ச்சினேன்.

அக்டோபர் 24, வெள்ளி

வந்துவிட்டது. ஏழாவது முயற்சி. குளுக்கோஸ் அறவே இல்லை. அதற்குப் பதிலாக என்ன என்பதை இந்த நோட்டில்கூட எழுதப்போவதில்லை. பாயும்போது பளிச்சென்று இருக்கிறது, பத்து நிமிஷத்தில் ஓரம் கருக்கிறது. காய்ந்தால் துணி கஞ்சி போட்டதுபோல் விறைக்கிறது. பொட்டலத்தை வெந்நீரில் போட்டு வைத்திருந்து கட்டினால் உடம்புச் சூட்டோடு வழியும். மாடிச் சுவரில் ஒரு சொட்டு விட்டு ஒரு மணி நேரம் காத்திருந்தேன். எறும்பு சுற்றிக்கொண்டு போயிற்று.

பூங்கோதையிடம் இரண்டு துணி கொடுத்தேன். ஒன்றில் கறிக்கடை ரத்தம், ஒன்றில் என்னுடையது. வெகு நேரம் பார்த்தாள், மோந்தாள்.

“தெரியலீங்க” என்றாள்.

சந்தோஷத்தில் இரண்டு காபி குடித்தேன்.

“எனக்கே தெரியலைன்னா அப்புறம் எப்பிடிங்க?” என்று கேட்டாள். நோட்டு இருக்கிறதே என்றேன்.

நவம்பர் 3, திங்கள்

நேற்று அமோகம். டில்லியின் விலாவிலிருந்து ரத்தம் வழிந்தபோது முன்வரிசையில் ஒருவர் திராட்சையைக் கீழே வைத்துவிட்டார். டில்லி பெயரை அறுபது பேரும் சேர்ந்து சொன்னார்கள். தோற்றவனுக்குக் கட்டைவிரலை மேலே காட்டுவதா கீழே காட்டுவதா என்று ஐந்து நிமிஷம் ஓட்டெடுப்பு நடந்தது. சீரிஸில் அப்படித்தான் வருகிறது.

வீட்டுக்கு வரும் வழியெல்லாம் டில்லி பேசிக்கொண்டே வந்தான். “மாமா, மைக்ல கேட்டீங்களா? டில்லிபாபு! டில்லிபாபு! இத்தினி வருசத்துல எங்கம்மாகூட அப்பிடிக் கூப்ட்டதில்ல.”

நவம்பர் 9, ஞாயிறு

மழை. ஆட்டம் இல்லை. துணி காயவில்லை.

நவம்பர் 17, திங்கள்

ஆஸ்பத்திரியில் உட்கார்ந்து எழுதுகிறேன்.

நேற்று விருந்தாளிகளில் ஒருவர் சொந்த வாள் கொண்டுவந்திருந்தார். வெளிநாட்டில் ஏலத்தில் எடுத்ததாம். அதை வைத்துத்தான் சண்டை போட வேண்டும் என்று ஆசைப்பட்டார். கஜேந்திரன் கையில் கொடுத்தார்கள். பழகிய வாளைவிட நாலு விரற்கடை நீளம். முனை மழுக்கவில்லை. ஏலத்தில் எடுத்த பொருளை மழுக்க முடியாது என்று நிகில் தம்பி சொன்னார்.

கடைசி அடி இப்படி: கஜேந்திரன் வாளை டில்லியின் இடது கைக்கும் விலாவுக்கும் நடுவே விடுவான். டில்லி முழங்கையால் அமுக்குவான். விலாவில் நான் கட்டிய பொட்டலம் உடையும். நோட்டில் அப்படியே இருக்கிறது: இடது விலா, நூறு மில்லி.

உடைந்தது. ரத்தம் வந்தது. பொட்டலத்துக்குக் கீழே வாளும் இறங்கியிருக்கிறது. இரண்டு ரத்தமும் ஒரே இடத்தில் கலந்துவிட்டதால் என்னால் பிரித்துப் பார்க்க முடியவில்லை. சந்தேகம் வந்ததும் கர்ச்சீஃபை ஆட்டினேன். நிகில் தம்பி போனைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

முன்வரிசையில் பச்சைப் புடவை கட்டிய ஓர் அம்மா திரும்பி, “மேக்கப் நீங்கதானா? அசத்திட்டீங்க” என்றார். கும்பிட்டேன்.

பிறகு விரல் ஓட்டு. பெரும்பாலும் மேலே. வீடியோ சரியாக விழவில்லை என்று ஒருவர் சொன்னதால் இன்னொரு தடவை எடுத்தார்கள். டில்லி அதுவரை மண்டியிட்டிருந்தான். முடிந்ததும் எழுந்து நாலு திசைக்கும் வணக்கம் சொல்லி, தானாகவே நடந்து கூடாரத்துக்குப் பின்னால் வந்து, நாற்காலியில் உட்கார்ந்து சரிந்தான்.

மண்ணீரலை எடுத்துவிட்டார்கள். இன்னும் கண் விழிக்கவில்லை. பிழைப்பான் என்று டாக்டர் சொல்லவில்லை. பார்க்கலாம் என்றார்.

நவம்பர் 18, செவ்வாய்

பூங்கோதை துணி மாற்றிக்கொள்ள வீட்டுக்குப் போயிருந்தாள். நர்ஸ் கொடுத்த பையையும் எடுத்துப் போனாள்; அதில் டில்லியின் சண்டை அங்கி இருந்தது. திரும்பி வந்தபோது அதிலிருந்த ஒன்றைக் கொண்டுவந்து என் பக்கத்து நாற்காலியில் வைத்தாள்.

விலாவில் நான் கட்டிய பொட்டலம். உடையவில்லை. நூறு மில்லியும் அப்படியே இருக்கிறது. நான் போட்ட முடிச்சுகூட அவிழவில்லை.

அவள் அதற்கு அடுத்த நாற்காலியில் உட்கார்ந்தாள். நடுவில் அது உட்கார்ந்திருந்தது.

நவம்பர் 20, வியாழன்

கண் விழிக்கவில்லை. பூங்கோதை என்னோடு பேசவில்லை.

நவம்பர் 22, சனி

விழித்தான். தண்ணீர் கேட்டான்.

நிகில் தம்பி பழக்கூடை அனுப்பியிருந்தார். எல்லாம் திராட்சை. போனும் செய்தார். டில்லி அண்ணனுக்கு நடந்தது எல்லோருக்கும் ரொம்ப வருத்தம், முப்பதாம் தேதி கஜேந்திரனோடு வேறு ஒரு பையன் இறங்குகிறான், அன்றைக்கு வந்த ரத்தம் மாதிரியே வேண்டும் என்று எல்லோரும் ஆசைப்படுகிறார்கள் என்றார். அன்றைக்கு வந்தது என்னுடையது இல்லை என்று சொல்ல வாயெடுத்தேன். சரி தம்பி என்று வைத்துவிட்டேன்.

நவம்பர் 24, திங்கள்

டில்லி இன்று நன்றாகப் பேசினான். பூங்கோதை இட்லி ஊட்டிக்கொண்டிருந்தாள்.

“ஏன்டா, குத்தினது தெரியலியா உனக்கு? அப்பவே படுத்திருக்கக் கூடாதா?” என்று கேட்டாள்.

“ஏதோ சுருக்குன்னுச்சுக்கா. சூடா வழிஞ்சுது. மாமா பொட்டலமும் சூடாத்தான் இருக்கும். வழிஞ்சுக்கினே இருக்குதேன்னு ஒரு டவுட்டு வந்திச்சு. மாமாவைப் பார்த்தேன். மாமா கத்தல. சரி, அப்போ மாமா ரத்தம்தான்னு உட்டுட்டேன்.”

பூங்கோதை அடுத்த விள்ளலைச் சாம்பாரில் தோய்த்தாள். என் பக்கம் பார்க்கவில்லை.

நவம்பர் 25, செவ்வாய்

பதினேழாம் தேதி எழுதியதில் திருத்தம் இருக்கிறது. நோட்டு என்றால் சரியாக இருக்க வேண்டும்.

பொட்டலம் உடைந்தது என்று எழுதியது தப்பு. அது பூங்கோதை மூலம் நிரூபணமாகிவிட்டது.

கர்ச்சீஃப் ஆட்டினேன் என்று எழுதியதும் தப்பு. கர்ச்சீஃப் பாக்கெட்டை விட்டு வெளியே வரவில்லை.

பிரித்துப் பார்க்க முடியவில்லை என்று எழுதியதும் தப்பு. நிறத்தை வைத்துப் பார்க்க முடியாது என்பது உண்மை. நான்தான் அப்படிச் செய்துவைத்தேன். ஆனால் நூறு மில்லி எவ்வளவு தூரம் பரவும் என்று எனக்குத் தெரியும். இரண்டு உள்ளங்கை அகலம், அவ்வளவுதான். இருபத்திரண்டு வருஷத்தில் ஒரு தடவைகூட நூறு மில்லி இடுப்பைத் தாண்டியதில்லை. அன்று முழங்காலுக்கு வந்தது. முழங்காலைத் தாண்டியும் வந்தது. நான் பார்த்தேன். வாயைத் திறந்தேன். வே என்கிற எழுத்து நாக்கு வரைக்கும் வந்துவிட்டது.

அப்போதுதான் அந்தப் பச்சைப் புடவை அம்மா திரும்பினார். திறந்த வாயை மூடிக் கும்பிடு போட்டேன். டில்லி என்னைப் பார்த்ததும் அப்போதுதான். நான் கும்பிட்டுக்கொண்டு நின்றதைத்தான் அவன் பார்த்திருப்பான். எல்லாம் சரியாக இருக்கிறது என்று அவன் நினைத்ததில் தப்பே இல்லை.

அந்த அம்மா சொன்னது எனக்குப் பிடித்திருந்தது. அதையும் எழுதிவிட வேண்டும். வெட்கமாக இருக்கிறது.

நவம்பர் 26, புதன்

இரண்டு பேரிடமும் சொல்லிவிட்டேன். டில்லி சுவர்ப்பக்கம் திரும்பிப் படுத்துக்கொண்டான். பூங்கோதை இட்லி டப்பாவை மூடி, துடைத்து, பையில் வைத்தாள். பிறகு திரும்ப எடுத்துத் திரும்பத் துடைத்தாள்.

நவம்பர் 28, வெள்ளி

புது ரத்தம் மூன்று பாட்டில் மீதி இருந்தது. குளியலறையில் கொட்டினேன். தரை சுத்தமாக ஒரு மணி நேரம் பிடித்தது. நல்ல ரத்தம்.

நவம்பர் 30, ஞாயிறு

மூன்று மணிக்குப் பண்ணை வீட்டுக்குப் போய்ச் சேர்ந்தேன். கொடிக்கயிற்றுக்கு முட்டுக் கொடுத்திருந்த கோலை எடுத்துப் போயிருந்தேன். பஸ்ஸில் கண்டக்டர் அது என்ன என்று கேட்டார். துணி உலர்த்துவது என்றேன். லக்கேஜ் டிக்கெட் போடவில்லை.

“ரத்தம் எங்கண்ணா?” என்றார் நிகில் தம்பி.

“இருக்கு தம்பி.”

கஜேந்திரனும் புதுப் பையனும் இறங்கினார்கள். கஜேந்திரன் கையில் அதே வாள். நான் செருப்பைக் கழற்றிவிட்டு மண்ணில் இறங்கி, இரண்டு பேருக்கும் நடுவே போய் நின்று, கோலைக் குறுக்கே நீட்டினேன். “வேற ரத்தம்” என்று கத்தினேன். இதுவரை கத்தியதிலேயே இதுதான் பெரிய சத்தம். பதின்மூன்றாவது தடவை. சிவப்பு எங்குமே இல்லை.

இரண்டு பேரும் நின்றார்கள். பழக்கம் அப்படி. கஜேந்திரன் வாளை மண்ணில் வைத்துவிட்டு அதன் பக்கத்திலேயே உட்கார்ந்து அழ ஆரம்பித்தான். பையன் அவனைப் பார்த்துவிட்டுத் தன்னுடையதையும் வைத்தான்.

முன்வரிசையில் ஏல வாளின் சொந்தக்காரர் எழுந்தார். “யாருய்யா இந்த ஆளு? சீரிஸ்ல இப்படி ஒருத்தர் வரலையே?”

“சீரிஸ்ல வரலைங்க. ரோம்ல இருந்தாரு” என்றேன்.

பிறகு இதுவும் ஆட்டத்தில் சேர்ந்தது என்று நினைத்து யாரோ கைதட்டினார்கள். நான் கும்பிடவில்லை. சுமார் நாற்பது நிமிஷம் அங்கேயே நின்றேன். ஒவ்வொருவராகக் காரெடுத்துப் போனார்கள். பச்சைப் புடவை அம்மா இன்று நீலம். போகும்போது என்னைப் பார்க்கவில்லை. இனி எனக்கு எங்கேயும் வேலை வராமல் பார்த்துக்கொள்வதாக நிகில் தம்பி சொன்னார். இந்த முறை ஜூஸ் இல்லை. காவலாளி வந்து என் கையைப் பிடித்து வெளியே விட்டார். கோலைத் திருப்பிக் கொடுத்தார்.

வீட்டுக்கு வந்தபோது பூங்கோதை மாடியில் இருந்தாள். கோல் இல்லாமல் கொடிக்கயிறு தொய்ந்து, டில்லியின் லுங்கி தரையைத் தொட்டுக்கொண்டிருந்தது. பன்னிரண்டு நாளாக அவள் என்னோடு பேசவில்லை. என் பையைப் பார்த்தாள்.

“துவைக்கத் துணி?”

“இன்னிக்கு ஒண்ணும் இல்ல.”

பையை வாங்கித் திறந்து அவளே ஒரு தடவை பார்த்துக்கொண்டாள். பிறகு என் கையிலிருந்த கோலை வாங்கிக் கயிற்றுக்கு முட்டுக் கொடுத்தாள்.